கழற்றாத கண்ணாடி

சுவிசேஷமுத்து 2001 பிப்ரவரியில் அமெரிக்க ஊரான எடிசனில், மகன் வீட்டில், பிற்பகல் தூக்கத்தில் இறந்தார். அந்த ஆண்டு தமிழ்ச் சங்க மலரில் அவரைப் பற்றி அரைப் பக்கக் குறிப்பு வந்தது. முந்நூறுக்கு மேற்பட்ட மேடை நாடகங்கள், நாற்பத்திரண்டு திரைப்படங்கள், பெரும்பாலும் டாக்டர் வேடம் என்று போட்டிருந்தார்கள். பெரும்பாலும் என்பது தவறு. நாற்பத்திரண்டிலும் டாக்டர்தான். கடைசி மூன்று வருடங்கள் அவர் ஏன் மேடை ஏறவில்லை என்பது அந்தக் குறிப்பில் இல்லை. அவர் மனைவி ஜெயலீலாவின் பெயரும் இல்லை.

நாசரேத்துக்குப் பக்கத்துச் சிற்றூரில் 1932இல் பிறந்தவர். இருபத்தோராம் வயதில் சென்னைக்கு வந்து ரயில்வே ஆபீசில் கிளார்க் ஆனார். அங்கே தலைமைக் கிளார்க் சேனாபதி ஒரு நாடகக் குழு வைத்திருந்தார். எழுதுவது, இயக்குவது, கதாநாயகனாக நடிப்பது எல்லாம் சேனாபதியே. புதிதாக வந்தவரின் உயரத்தையும் கனத்த குரலையும் பார்த்துவிட்டு, "ஏம்ப்பா, நம்ம கோர்ட் சீன்ல ஜட்ஜு இல்லாமலே கேஸ் நடந்துக்கிட்டிருக்கு. சாயங்காலம் வந்து நாற்காலியில உக்காரு" என்றார். அப்படித்தான் தொடங்கியது.

குரல் இருந்தது. மேடையில் நிற்கத் தெரிந்தது. வசனம்தான் மனதில் நிற்காது. ஒரு வரி வழுக்கிவிட்டால் சுவிசேஷமுத்து மூக்குக் கண்ணாடியைக் கழற்றி, சட்டை நுனியால் மெதுவாகத் துடைப்பார். அதற்குள் பக்கத் தட்டியின் மறைவில் வசன நோட்டோடு நிற்கிற பிராம்ப்டர் வரியை எடுத்துக் கொடுக்க வேண்டும். குழுவில் அப்போது இருந்த பிராம்ப்டருக்குத் தொண்டை பெரிது. ஒரு நாள் முன்வரிசையிலிருந்து ஒருவர், "சார், உள்ள இருக்கவரு நல்லாப் பேசறாரு, அவரையே வெளிய அனுப்புங்க" என்று கத்தியதில் நாடகம் அங்கேயே படுத்துவிட்டது.

1960இல் சுவிசேஷமுத்துவுக்கும் ஜெயலீலாவுக்கும் கல்யாணமாயிற்று. ஜெயலீலா பாளையங்கோட்டைப் பெண். பெரம்பூரில் மாநகராட்சிப் பள்ளி ஆசிரியை. மூன்று வயதில் தாயை இழந்தவளை வளர்த்தது பதினொரு வயது மூத்த அக்கா தங்கபுஷ்பம். அந்த அக்காவுக்குப் பன்னிரண்டாம் வயதில் வந்த காய்ச்சலில் செவி முழுக்கப் போய்விட்டது. பேச்சு போகவில்லை. எதிரில் இருப்பவரின் உதட்டைப் பார்த்துப் புரிந்துகொண்டு பதில் சொல்வாள். ஜெயலீலா பேசக் கற்றுக்கொண்டதே அந்த அக்காவிடம் என்பதால், சத்தத்தைக் கூட்டிப் பிரயோசனமில்லை, உதட்டை ஒழுங்காக அசைக்க வேண்டும் என்பது அவளுக்கு மூன்று வயதிலேயே தெரியும். இருட்டில் நின்று ஏதாவது கேட்டால் அக்கா, "ஏளா, வெளிச்சத்துக்கு வா. ஒன் வாய் தெரியல" என்பாள். அந்த வீட்டில் ஒரு நாளைக்குப் பத்துத் தடவை காதில் விழுகிற வார்த்தை அது.

கல்யாணமாகி இரண்டாம் வருடம் பழைய பிராம்ப்டருக்குக் காய்ச்சல். ஒத்திகை பார்க்க வந்திருந்த ஜெயலீலாவிடம் சேனாபதி, "யம்மா, இன்னைக்கு ஒரு நாள் நோட்டப் புடி" என்றார். அவள் குரலை எழுப்பவே இல்லை. உதடு அசைந்தது, காற்றுப்போல ஒரு ஒலி வந்தது, அவ்வளவுதான். மேடையில் இருந்தவர்களுக்குத் தெளிவாகப் புரிந்தது. முன்வரிசைக்கு ஒன்றும் கேட்கவில்லை. அதற்குப் பிறகு முப்பது வருடம் அந்தக் குழுவுக்கு வேறு பிராம்ப்டர் கிடையாது.

அவளுக்கு ஒரு முறை உண்டு. முழு வரியையும் எடுத்துக் கொடுக்க மாட்டாள். முதல் வார்த்தை மட்டும்தான். "முழு வரியும் குடுத்தா அது என் பேச்சாயிடும். மொத வார்த்தைய குடுத்துட்டா மிச்சம் அவங்களோடது" என்பாள். யாருக்கு எந்த இடத்தில் மறக்கும் என்பது அவளுக்குத் தெரியும். கணவன் பேசும்போது முகத்தைப் பார்க்க மாட்டாள், கண்ணாடியைப் பார்த்துக்கொண்டிருப்பாள். கை கண்ணாடிப் பக்கம் போனால் அவள் உதடு அசையும்.

நாடகம் முடிந்து பஸ்ஸில் வீட்டுக்குப் போகும்போது அவர் கேட்பார்.

"எப்படி இருந்துச்சு?"

"மூணாவது சீன்ல 'ஆகையால'வ விட்டுட்டீங்க."

"அது கெடக்கட்டும். நடிப்பு?"

"வசனம் சரியா வந்தா நடிப்பு தானா வரும்."

நல்லா நடிச்சீங்க என்று அவள் சொன்னதே இல்லை. மற்றவர்களிடம் அந்த வார்த்தையை அவர் நிறையக் கேட்டிருக்கிறார். அவளிடம் கேட்க வேண்டும் என்பது ஒரு விளையாட்டாகத் தொடங்கி, வருடங்கள் போகப் போக விளையாட்டாக இல்லாமல் ஆனது.

சினிமா 1968இல் வந்தது. கோடம்பாக்கத்தில் ஒரு நாள் வேலை. அறுவைச் சிகிச்சை அறையிலிருந்து வெளியே வந்து, காத்திருக்கும் மகனிடம், "எங்களால முடிஞ்சதைச் செஞ்சிட்டோம். இனி கடவுள் விட்ட வழி" என்று சொல்ல வேண்டும். சுவிசேஷமுத்து கதவைத் திறந்து வந்தார். வரி போய்விட்டது. பழக்கத்தில் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். பக்கத்தில் ஜெயலீலா இல்லை. ஐந்து விநாடி, ஆறு விநாடி. உதவி இயக்குநர் வரியைக் கத்தப் போனபோது இயக்குநர் அவர் வாயைப் பொத்தினார். பிறகு வரி நினைவுக்கு வந்து, மெல்லிய குரலில் சொல்லி முடித்தார். "யோவ், அந்தக் கண்ணாடி ஒண்ணு போதும்யா" என்று இயக்குநர் வந்து கையைப் பிடித்துக்கொண்டார். அடுத்து யார் படத்தில் டாக்டர் வேண்டுமென்றாலும் கண்ணாடிக்காரரைக் கூப்பிடு என்றார்கள். அது மறதி என்பது ஜெயலீலா ஒருத்திக்குத்தான் தெரியும். தியேட்டரில் ஜனங்கள் மூக்கைச் சிந்திக்கொண்டிருக்கையில் அவள் அவர் பக்கம் சாய்ந்து, 'எங்களால' என்று முதல் வார்த்தையை உதட்டால் எடுத்துக் கொடுத்துவிட்டுச் சிரித்தாள்.

டைட்டிலில் அவர் பெயர் முழுதாக வந்தது இரண்டு படங்களில்தான். மற்றதெல்லாம் 'மற்றும் பலர்'. ஆனாலும் பெரம்பூர்த் தெருவில் எதிர்வீட்டுக்காரர் சர்க்கரை ரிப்போர்ட்டைக் கொண்டு வந்து காட்டுவார். "நான் நிஜ டாக்டர் இல்லீங்க" என்றால், "பரவால்ல, ஒரு தடவை பாத்துச் சொல்லுங்க" என்பார். அவரும் பார்ப்பார்.

அந்த நாற்பத்திரண்டு படங்களிலும் ஒரு வழக்கம் மாறவில்லை. டாக்டர் நோயாளியிடம் எதையும் சொல்ல மாட்டார். வெளியே வருவார், வீட்டு மனிதரைத் தனியாகக் கூப்பிடுவார், அங்கேதான் சொல்வார். உள்ளே படுத்திருப்பவருக்குத் தெரியக் கூடாது என்பது சினிமாவின் சட்டம் மட்டுமல்ல, அதைப் பார்த்தவர்கள் எல்லோர் வீட்டிலும் அதுதான் சட்டம். சுவிசேஷமுத்து அதை அத்தனை தடவை செய்துகாட்டியிருந்ததால் அவருக்குள் அது கூடுதலாக ஊறியிருந்தது.

ஓய்வு பெற்ற பின், 1992இல், இருவரும் எடிசனுக்கு வந்தார்கள். மகன் காலேபுக்கு மன்ஹாட்டனில் கம்ப்யூட்டர் வேலை. காலை ரயிலைப் பிடித்தால் இரவுச் சாப்பாட்டுக்குத்தான் வருவான். மருமகள் ரெனிஷா மருந்துக் கம்பெனி லேபில் இருந்தாள். பேத்தி ஆஷ்லியை டேகேருக்கு அனுப்பாமல் பார்த்துக்கொள்ள ஆள் வேண்டும் என்பதுதான் வந்ததற்குக் காரணம். ஞாயிற்றுக்கிழமை வாடகைக் கோயிலில் தமிழ் ஆராதனை, சனிக்கிழமை பக்கத்து ஊர் ஐசலினில் காய்கறி. ஓக் ட்ரீ ரோட்டில் வீடியோ கேசட் வாடகைக்கு விடுகிற பலசரக்குக் கடையில் யாராவது தமிழர் அவரை உற்றுப் பார்ப்பார்.

"அங்கிள், நீங்க அந்த டாக்டர் தானே?"

"ஆமாம்ப்பா."

"உங்க கைபட்ட பேஷன்ட் ஒருத்தர்கூடப் பொழைச்சது இல்லையே அங்கிள்! லைசென்ஸ ரெவோக் பண்ணியிருக்கணும்!"

அவர் சத்தமாகச் சிரிப்பார். ஜெயலீலா வெண்டைக்காயை ஒடித்துப் பார்த்துக்கொண்டிருப்பாள்.

தங்கபுஷ்பத்தோடு போனில் பேச வழியில்லை. போனில் உதடு தெரியாது. வாரம் ஒரு ஏரோகிராம் போகும், ஒன்று வரும். அக்காவின் கடிதங்கள் 'கர்த்தருக்குள் பிரியமான தங்கச்சிக்கு' என்று தொடங்கி, 'ஒன் முகத்தை எப்போ பார்ப்பேன்' என்று முடியும். கிரீன் கார்டு வந்ததும் போகலாம், ஆஷ்லி ஸ்கூலில் சேர்ந்ததும் போகலாம் என்று ஆறு வருடம் ஓடிவிட்டது.

எடிசனில் தமிழ்ச் சங்கம் வருடம் ஒரு நாடகம் போடும். நடத்துபவர் பத்மநாபன், டெலிபோன் கம்பெனி இன்ஜினியர். வருடா வருடம் சுவிசேஷமுத்துவுக்கு டாக்டர் வேடம் ஒன்று எழுதி வைத்துவிடுவார். ஜெயலீலா நோட்டைப் பிடிப்பாள். 1998 மார்ச் நாடகத்தில் டாக்டரே இல்லை. கதை, பட்டணம் போன மகனுக்காகக் காத்திருக்கும் ஓய்வு பெற்ற ஸ்டேஷன் மாஸ்டரைப் பற்றியது. அந்த வேடத்தை ஷ்ரேயஸ் என்ற முப்பது வயதுப் பையன் தலையில் பவுடர் கொட்டிக்கொண்டு செய்வதாக இருந்தது. ஜனவரி முதல் வாரத்தில் அவன் கம்பெனி அவனை டெக்சாஸில் இர்விங்குக்கு ப்ராஜெக்டுக்கு அனுப்பிவிட்டது. பத்மநாபன் போன் செய்தார்.

"அங்கிள், ஸ்டேஷன் மாஸ்டர் நீங்கதான். உங்களுக்கு பவுடர் செலவுகூட இல்ல."

கதாநாயக வேடம். அறுபத்தாறு வயதில் முதல் தடவை. அறுபத்தெட்டுப் பக்கம் வசனம். போனை வைத்துவிட்டு ஜெயலீலாவைப் பார்த்தார். "அறுபத்தெட்டுப் பக்கமா?" என்றாள் அவள். "அப்ப எனக்குத்தான் கதாநாயகி வேஷம்."

அவளுக்கு அதற்கு முன்பே வயிற்றின் மேற்பக்கம் வலி இருந்தது. கிறிஸ்துமஸ் கேக்கைக்கூடத் தொடவில்லை. ஸ்கேன் எடுத்தார்கள், ஊசி போட்டுச் சதை எடுத்தார்கள். ஜனவரி இருபத்திரண்டாம் தேதி முடிவு சொல்ல டாக்டர் வரச் சொன்னார். காலேப் வேலையில். ரெனிஷா இருவரையும் வாசலில் இறக்கிவிட்டு லேபுக்குப் போய்விட்டாள்.

டாக்டர் ஐம்பது வயது வெள்ளைக்காரர். மேஜைக்குப் பின்னால் உட்காராமல் ஒரு முக்காலியை இழுத்து ஜெயலீலாவின் எதிரில் உட்கார்ந்தார். அவர் வாயைத் திறக்கும் முன்பே சுவிசேஷமுத்து எழுந்து நின்று, வெளியே போய்ப் பேசலாமா என்று ஆங்கிலத்தில் கேட்டார்.

"எதற்கு வெளியே? இது அவர்கள் உடம்பு" என்றார் டாக்டர். அவளுக்கு ஆங்கிலம் தெரியுமா என்று கேட்டார். கொஞ்சம் என்றார் சுவிசேஷமுத்து. "அப்படியானால் நான் சொல்லச் சொல்ல ஒவ்வொரு வாக்கியமாக அவர்களுக்குச் சொல்லுங்கள்."

கணையத்தில் கட்டி. ஒரு லத்தீன் மாதிரி வார்த்தை. அது ஈரலுக்குப் பரவியிருக்கிறது. அறுவைச் சிகிச்சைக்கு வழியில்லை, வலி தெரியாமல் வைத்துக்கொள்ளலாம். அந்த வார்த்தைக்கு அர்த்தம் அதுதானா என்று சுவிசேஷமுத்து கேட்டார். டாக்டர் தலையை மட்டும் அசைத்தார்.

"என்ன சொல்றார்?" என்றாள் ஜெயலீலா.

"கணையத்துல புண்ணாம். ஆற நாளாகுமாம்."

"லிவர்னு காதுல விழுந்துச்சே."

"லிவர்ல கொஞ்சம் வீக்கம். எண்ணெய்ப் பலகாரம் ஆகாதாம். இனிமே ஒன் பங்கு முறுக்கும் எனக்குத்தான்."

அவள் சிரித்தாள். அவர் முகத்தைப் பார்க்கவில்லை. வழக்கம்போலக் கண்ணாடியைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

ஏதாவது கேட்க வேண்டுமா என்று அவளிடம் கேட்கச் சொன்னார் டாக்டர்.

"ஊருக்குப் போலாமான்னு கேளுங்க. அக்காவப் பாத்து ஆறு வருஷம் ஆச்சு."

அதை அவர் ஒழுங்காகத்தான் மொழிபெயர்த்தார். டாக்டர் பேனாவைக் கீழே வைத்துவிட்டு நிதானமாகப் பதில் சொன்னார். இப்போது போகலாம். இன்னும் ஆறு வாரம், அதிகம் போனால் எட்டு வாரம், விமானத்தில் உட்காரத் தெம்பு இருக்கும். அதற்குப் பிறகு முடியாது. பார்க்க வேண்டியவர் யாராவது இருந்தால் தள்ளிப்போட வேண்டாம், ஏர்லைன்ஸுக்குக் கடிதம் இன்றைக்கே தருகிறேன்.

சுவிசேஷமுத்து அவள் பக்கம் திரும்பினார்.

"இப்பக் கூடாதாம். ரெண்டு மாசம் போகட்டும், அப்புறம் தாராளமாப் போலாங்கறார்."

"ரெண்டு மாசமா?"

"ரெண்டே மாசம்."

அவள் கொஞ்சம் யோசித்தாள். "சரி. அதுவரைக்கும் நாடகம் இருக்கு. ஒங்களுக்கு நோட்டுப் புடிக்கணும்ல." பிறகு டாக்டரைப் பார்த்து, தனக்குத் தெரிந்த ஆங்கிலத்தில், "ஓகே. ஐ வெயிட்" என்றாள்.

இங்கேயே இருக்க விரும்புகிறாள் என்று சுவிசேஷமுத்து டாக்டரிடம் சொன்னார். டாக்டர் ஒரு கணம் அவளைப் பார்த்துவிட்டுத் தாளில் எழுதிக்கொண்டார்.

ஏன் அப்படிச் சொன்னார் என்பதற்கு அவரிடம் மூன்று காரணங்கள் இருந்தன. உண்மையைச் சொன்னால் அவள் தாங்க மாட்டாள் என்பது ஒன்று. உடனே போ என்றால் எதற்கு அவசரம் என்று அவளுக்கு விளங்கிவிடும் என்பது இன்னொன்று. நாடகம் மூன்றாவது. அந்த அறையில் மூன்றில் எது முதலில் வந்தது என்பதைப் பிறகு எத்தனையோ பகல் உட்கார்ந்து யோசித்தும் அவரால் கண்டுபிடிக்க முடியவில்லை.

அன்று மாலை கராஜில் காரை நிறுத்திவிட்டு இறங்காமல் உட்கார்ந்திருந்த காலேபிடம் நோயைச் சொன்னார். காலேப் ஸ்டீயரிங்கில் தலையை வைத்து அழுதான்.

"அம்மாகிட்ட சொல்ல வேண்டாம்டா."

"சரிப்பா." மூக்கைத் துடைத்துக்கொண்டு கேட்டான். "ட்ராவல் பண்ணலாமான்னு கேட்டீங்களா? பெரியம்மாவ ஒரு தடவை..."

"கேட்டேன். கூடாதுன்னுட்டார்."

ஒரு பொய்யைக் காப்பாற்ற இன்னொன்று. அதையும் தடுமாறாமல் சொன்னார்.

பிப்ரவரியில் ஜெயலீலா அக்காவுக்கு எழுதினாள்: 'ரெண்டு மாதம் கழித்து வரலாம் என்று டாக்டரே சொல்லிவிட்டார். சித்திரையில் ஒன் முன்னால் நிற்பேன்.' அக்கா முந்தின கடிதத்தில், ராத்திரி கரண்ட் போய்விட்டால் யாரோடும் பேச முடியவில்லை என்று எழுதியிருந்தாள். அதற்காக ரெனிஷாவோடு கடைக்குப் போய் சார்ஜ் செய்கிற ஒரு விளக்கு வாங்கிப் பெட்டியின் அடியில் வைத்தாள். பகலில் ஒத்திகை. அவர் ஹாலில் நடந்துகொண்டே வசனம் சொல்வார். அவள் சோபாவில், பிறகு சாய்வு நாற்காலியில், பிறகு படுத்துக்கொண்டே நோட்டைப் பிடித்தாள். ஆறாவது வாரத்தில் கண் மஞ்சளாயிற்று.

"சித்திரைக்குத் தெளிஞ்சிடுமா?" என்று கேட்டாள்.

"தெளிஞ்சிடும்."

மார்ச் இருபத்தெட்டு, சனிக்கிழமை, பள்ளிக்கூட அரங்கம். வேண்டாம் என்றாலும் ஜெயலீலா கேட்கவில்லை. காலேப் அவளைச் சக்கர நாற்காலியில் தள்ளி வந்து பக்கத் தட்டியின் மறைவில் நிறுத்தினான். மடியில் தலையணை, தலையணைமேல் நோட்டு. இரண்டு மணி நேரம் சுவிசேஷமுத்துவின் கை கண்ணாடிப் பக்கம் போகவில்லை. மகன் வராத ரயிலைப் பார்த்துக் கொடியைச் சுருட்டும் கடைசிக் காட்சியில் அரங்கமே எழுந்து நின்று கைதட்டியது. பத்மநாபன் கண்ணைத் துடைத்துக்கொண்டு, "அங்கிள், இத்தனை வருஷம் உங்கள டாக்டராப் போட்டு வேஸ்ட் பண்ணிட்டேன்" என்றார். கூட்டத்தை விலக்கிக்கொண்டு சுவிசேஷமுத்து நேராக ஜெயலீலாவிடம் வந்தார்.

"எப்படி இருந்துச்சு?"

அவள் நோட்டை மூடினாள். "ரெண்டாவது சீன்ல ஒரு வரி முன்னாலயே சொல்லிட்டீங்க" என்றாள்.

செவ்வாய்க்கிழமை அவளை ஆஸ்பத்திரியில் சேர்த்தார்கள். புதன்கிழமை பத்து மணிக்கு சுவிசேஷமுத்து காபி வாங்கக் கீழே போயிருந்தபோது அந்த மாடியில் வேலை பார்க்கும் நர்ஸ் ஒருத்தி, கதவில் எழுதியிருந்த பெயரைப் பார்த்துவிட்டு உள்ளே வந்தாள். வேலூர்ப் பக்கத்துப் பெண், சாந்தி.

"ஆன்ட்டி, தமிழா? எந்த ஊரு?"

"பாளையங்கோட்டை. நீ?"

"ஆம்பூர் ஆன்ட்டி. அய்யோ, மொதல்லயே தெரியாமப் போச்சே." கையைப் பிடித்து நாடி பார்த்தாள். "ஊர்ல யாரு இருக்காங்க?"

"எங்க அக்கா. அடுத்த மாசம் போறேன். டாக்டர் போகச் சொல்லிட்டார்."

சாந்தி கையில் இருந்த தாள்களைப் புரட்டினாள். புரட்டி ஓரிடத்தில் நின்றாள். "ஆன்ட்டி, ஜனவரியில இல்ல போகச் சொன்னாரு? எட்டு வாரத்துக்குள்ள போகணும், அப்புறம் முடியாதுன்னு சொல்லிருக்காரு. பேஷன்ட்டே இங்க இருக்கறதா முடிவு பண்ணிட்டாங்கன்னு எழுதிருக்கு. நீங்கதான் வேணாம்னு சொன்னீங்களாமே?"

ஜெயலீலா அந்தத் தாள்களுக்காகக் கையை நீட்டினாள். சாந்திக்குத் தான் என்ன செய்துவிட்டோம் என்று அப்போதுதான் தெரிந்தது. "ஆன்ட்டி, உங்களுக்கு என்னன்னு... வீட்ல சொல்லலியா?"

"நீ சொல்லும்மா" என்றாள் ஜெயலீலா. சாந்தி கட்டில் ஓரத்தில் உட்கார்ந்து சொன்னாள். தமிழில், ஒவ்வொரு வாக்கியமாக.

சுவிசேஷமுத்து காபியோடு வந்தபோது சாந்தி போயிருந்தாள். ஜன்னல் திரையை விலக்கி வைத்திருந்தார்கள், அறை நிறைய வெயில். ஜெயலீலா அவரையே பார்த்துக்கொண்டிருந்தாள். கண்ணாடியை அல்ல, முகத்தை.

"நல்லா நடிச்சீங்க" என்றாள்.

சனிக்கிழமை நாடகத்தைச் சொல்கிறாள் என்று நினைத்தார். முப்பத்தாறு வருடம் காத்திருந்த வார்த்தை. முகம் மலர்ந்துவிட்டது. காபியைக் கீழே வைத்துவிட்டு, "நெசமாவா?" என்றுகூடக் கேட்டுவிட்டார்.

"நெசமாத்தான். நான் கண்ணாடியையே பாத்துக்கிட்டிருந்தேன். நீங்க கழட்டவே இல்ல." மூச்சு வாங்கிக்கொண்டாள். "ஆம்பூர்ப் பொண்ணு ஒருத்தி வந்தா. சாந்தின்னு பேரு. எல்லாம் படிச்சுச் சொன்னா."

அவர் நின்ற இடத்திலேயே நின்றார். கை தானாக மேலே போயிற்று. கண்ணாடியைக் கழற்றினார். சட்டை நுனியைத் தேடினார்.

அவள் உதடு அசையவில்லை. நோட்டில் இல்லாத இடத்துக்கு அவள் என்றைக்கும் வார்த்தை கொடுத்ததில்லை. "அக்காவுக்கு சித்திரையில வர்றேன்னு எழுதிட்டேன்" என்று மட்டும் சொல்லிவிட்டு ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள்.

விஷயம் தெரிந்ததும் அன்றே காலேப் ஏர்லைன்ஸுக்குப் போன் செய்தான். டாக்டரிடம் கெஞ்சினான். இனிப் பயணம் முடியாது என்றுவிட்டார்கள். அந்த டாக்டர் கோபப்படவில்லை. சுவிசேஷமுத்துவிடம், "உங்கள் மனைவி காத்திருப்பதாக என்னிடமே சொன்னார்களே" என்று மட்டும் சொன்னார்.

வெள்ளிக்கிழமை வீட்டுக்குக் கொண்டுவந்து கீழறையில் கட்டில் போட்டார்கள். அவள் அவரைத் திட்டவில்லை. கஞ்சி கொடுத்தால் வாயைத் திறந்தாள். தலையணையைச் சரி செய்தால் சரி செய்ய விட்டாள். அவரோடு பேசவில்லை. ஞாயிற்றுக்கிழமைக்குள் குரலும் போய்விட்டது. புதன்கிழமை பிற்பகல், வெயில் கட்டில்மேல் விழுந்த நேரம், அவள் உதடுகள் அசைந்தன. ஸ்கூலிலிருந்து வந்த ஆஷ்லி எட்டிப் பார்த்துவிட்டு, "இஸ் ஷி ப்ரேயிங்?" என்று மெதுவாகக் கேட்டாள். சுவிசேஷமுத்து கட்டில் பக்கம் குனிந்தார். முப்பது வருடம் மேடையில் நின்று அந்த உதட்டைப் படித்தவர். ஒரு எழுத்து விடாமல் அவருக்குப் புரிந்தது. அது அவருக்கான பேச்சு இல்லை. நாலரை மணிக்கு அவள் இறந்தாள்.

அடக்கம் முடிந்து பத்தாம் நாள் அவர் தங்கபுஷ்பத்துக்குக் கடிதம் எழுதினார். எதையும் முதலில் வரைந்து பார்த்து எழுதுகிற பழக்கம் அவருக்கு. ஸ்டேஷன் மாஸ்டர் நாடக நோட்டின் பின்பக்கங்களில் நான்கு வரைவுகள் இருக்கின்றன. மூன்றை அடித்திருக்கிறார். நான்காவதில் விளக்கம் ஏதுமில்லை. டாக்டர் அன்று சொன்னதை வரிசையாக எழுதி, கடைசியில், 'இப்போது போகலாம். இரண்டு மாதம் கழித்தால் முடியாது. இதுதான் அவர் சொன்னது. நான் மாற்றிச் சொன்னேன்' என்று முடித்திருக்கிறார். ஊருக்குப் போகிற ஒருவரிடம் அந்தக் கடிதத்தையும் விளக்கையும் கொடுத்தனுப்பினார்.

மே, ஜூன், ஜூலை. பதில் இல்லை. பத்மநாபன் தீபாவளிக்கு ஒரு சின்ன நாடகம் என்று வந்தார். "எனக்கு வசனம் வராதுப்பா" என்றார் சுவிசேஷமுத்து. "ஒரே ஒரு சீன் அங்கிள், டாக்டர்தான்" என்றார் பத்மநாபன். சுவிசேஷமுத்து எழுந்து மாடிக்குப் போய்விட்டார்.

ஆகஸ்டில் ஏரோகிராம் வந்தது. 'கர்த்தருக்குள் பிரியமான' என்பது இல்லை. மாப்பிள்ளை என்ற அழைப்பும் இல்லை. கோணல் எழுத்தில் இரண்டே வரி.

'அவள் கடைசியாக என்ன சொன்னாள்? ஒன்றும் சேர்க்காமல் எழுதும்.'

அன்றைக்கே அவர் பதில் எழுதினார். அதற்கு வரைவு இல்லை. ரெனிஷா தபாலில் போடும்போது திறந்திருந்த ஓரத்தில் பார்த்தாள். மன்னிப்பு இல்லை, ஆறுதல் இல்லை, வேதவசனம் இல்லை, கீழே கையெழுத்துகூட இல்லை. தாளின் நடுவில், உதட்டில் பார்த்தது பார்த்தபடி, இவ்வளவுதான் இருந்தது:

'அக்கா, வெளிச்சத்துக்கு வந்துட்டேன். இப்பத் தெரியுதா?'